ப்ரானின் இருநூறாவது ஆட்டம்

பேருந்தில் முன் இருக்கை கோச்சுக்கு. எங்கேயும் எழுதி வைத்த சட்டம் இல்லை. ஆனால் லெனாக்ஸ் ஈமுக்கள் அணியில் நாற்பது வருஷமாக அதை யாரும் மீறியதில்லை. கடைசி வரிசை மூத்த ஆட்டக்காரிகளுக்கு. நடுவில் சின்னப் பெண்கள். ஓட்டுநருக்குப் பின்னால், பந்து மூட்டைக்கும் மருந்துப் பெட்டிக்கும் துணையாக, கோச். லெனாக்ஸிலிருந்து பெர்த்துக்கு ஆறு மணி நேரம். ஒரு வெள்ளிக்கிழமை விட்டு ஒரு வெள்ளிக்கிழமை அந்த ஆறு மணி நேரமும் நான் சாலையைப் பார்த்துக்கொண்டு போகிறேன். பார்க்க என்ன இருக்கிறது? செம்மண், புதர், செத்த கங்காரு, மறுபடியும் செம்மண்.

நான் பதினேழு வருஷம் கூடைப்பந்தைத் தொழிலாக ஆடியவள். பதினெட்டு வயதில் இந்தச் சுரங்க ஊரை விட்டுப் போனேன். அடிலெய்டில் நாலு வருஷம். ஹங்கேரியில் இரண்டு குளிர்காலம். அங்கே என்னோடு பேசியது துணி துவைக்கிற இயந்திரம் மட்டும்தான். அப்புறம் பெர்த்தில் பதினொன்று. அத்தனை வருஷத்திலும் எந்த ஊர்ப் பேருந்தானாலும் என் இடம் கடைசி வரிசை. காலை நீட்டி, யார் மடியிலாவது தலை வைத்து, கோச்சைப் பற்றி வாய்க்கு வந்ததைப் பேசிக்கொண்டு போவேன். கோச்சுக்கு முதுகில் காது இருக்குமா என்று அப்போது யோசித்ததே இல்லை. இருக்கிறது. நன்றாகவே இருக்கிறது.

கோச்சான முதல் பயணத்தில் பழக்கதோஷம், நேரே பின்னால் நடந்தேன். பேச்சு பட்டென்று நின்றது. ஒருத்தி கைப்பேசியைத் தொடைக்கு அடியில் சொருகினாள். இன்னொருத்தி ஜன்னலுக்கு வெளியே எதையோ முதல்முறையாகக் கண்டுபிடித்தவள் மாதிரி திரும்பிக்கொண்டாள். கடைசி வரிசையில் நடுநாயகமாக உட்கார்ந்திருந்த ப்ரான்தான் காப்பாற்றினாள்.

"என்னடி மெரின், வழி தவறி வந்துட்டியா? உன் சிம்மாசனம் அங்க இருக்கு பாரு. போ, போயி ராணி மாதிரி உக்காரு."

எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன். முன்னால் வந்து உட்கார்ந்தேன். முப்பத்தேழு வயதுப் பொம்பளை இதைச் சொன்னால் கேவலமாகத்தான் இருக்கும், இருந்தாலும் சொல்லிவிடுகிறேன்: அழுகை முட்டிக்கொண்டு வந்தது.

பாதி வழியில் ஒரு ரோட்ஹவுஸ் உண்டு. லாரிக்காரர்கள் குளித்துவிட்டுத் தின்றுவிட்டுப் போகிற இடம். அன்றைக்கு ப்ரான் அங்கே இறங்கி இறைச்சி திணித்த சாசேஜ் ரோல் இரண்டும் இரண்டு ஐஸ் காப்பியும் வாங்கி வந்தாள். மருந்துப் பெட்டியைத் தூக்கிக் கீழே வைத்துவிட்டு என் பக்கத்தில் உட்கார்ந்தாள். தக்காளி சாஸ் வழிய வழியத் தின்றாள். அவள் வீட்டுக் கோழி, அவள் புருஷன் கார்த்தின் குறட்டை, இந்த இரண்டையும் பற்றியே பேசினாள். அணியைப் பற்றி ஒரு வார்த்தை கிடையாது. பேருந்து கிளம்பிக் கால் மணி நேரம் ஆனதும் "சரி, என் கூட்டத்தப் பாக்கப் போறேன்" என்று எழுந்து பின்னால் போய்விட்டாள். அதற்கப்புறம் ஒவ்வொரு பயணத்திலும் அப்படித்தான். இரண்டு வருஷத்தில் ஒரு தடவைகூடத் தவறவில்லை. அந்தக் கால் மணி நேரம் இல்லையென்றால் நான் கோச் வேலையை முதல் மாதமே விட்டெறிந்திருப்பேன்.

ப்ரானின் முழுப் பெயர் ப்ரான்வின் கேஸ். அவளும் நானும் பள்ளியில் ஒரே வகுப்பு. நான் போனேன், அவள் போகவில்லை. நிக்கல் சுரங்கத்தில் இரண்டு மாடி உயர லாரி ஓட்டுகிறாள். ஷிப்டு இல்லாத சனிக்கிழமைகளில் மட்டும் லெனாக்ஸுக்காக ஆடினாள். இருபது வருஷத்தில் அப்படிச் சேர்ந்தது நூற்றுத் தொண்ணூற்றொன்பது ஆட்டம்.

இருநூறு ஆடினால் ஜெர்சியைச் சுவரில் மாட்டுவார்கள். எங்கள் அரங்கத்தின் மேற்குச் சுவரில் ஒன்பது ஜெர்சிகள் தொங்குகின்றன. அதில் எட்டு, இருநூறு ஆடியவர்களுடையவை. ஒன்பதாவது என்னுடைய பன்னிரண்டு. லெனாக்ஸுக்காக நான் ஆடியது மொத்தம் நாற்பத்தோரு ஆட்டம். வெளியூர் போய்ப் பேர் வாங்கினவள் என்பதற்காக மாட்டினார்கள். மாட்டிய அன்று ஏணியைப் பிடித்துக்கொண்டு நின்றதும் ப்ரான்தான். எனக்கு அந்தச் சுவரைப் பார்க்கும்போதெல்லாம் கொஞ்சம் கூசும்.

ஆட்டம் கணக்கில் ஏற ஒரே வழிதான். கால் தரையில் படவேண்டும். ஸ்கோர் தாளில் பத்துப் பேருடைய பெயரும் இருக்கும். உள்ளே இறங்கியவளின் பெயருக்கு நேரே மட்டும் சின்னதாக ஒரு பெருக்கல் குறி போடுவார்கள். ஒரு விநாடி ஆடினாலும் குறி உண்டு. முழு ஆட்டமும் பெஞ்சில் உட்கார்ந்து கைதட்டினாலும் குறி இல்லை. குறி போடுகிற நார்ம் கிழவர் முப்பது வருஷமாக ஸ்கோர் மேஜையில் இருக்கிறார். அவருடைய சொந்த மகள் நூற்றுத் தொண்ணூற்றாறில் நின்றுபோனவள். யாருக்கும் இரங்க மாட்டார்.

இந்த வருஷம் ப்ரானுடைய முழங்கால் பாழாய்ப்போனது. பருவத்தில் நாலே நாலு ஆட்டம்தான் ஆடினாள். சுரங்கத்தையும் மூடப்போகிறார்கள். கார்த்துக்குக் குயின்ஸ்லாந்தில் வேலை கிடைத்தது. வீட்டை விற்றாகிவிட்டது, திங்கட்கிழமை விடியக் கிளம்புகிறார்கள். சனிக்கிழமை கடைசி லீக் ஆட்டம். அதில் ஜெயித்தால் அணிக்கு இறுதிச் சுற்று, பதினோரு வருஷத்துக்கப்புறம். ஆனால் இறுதிச் சுற்றில் ஆட, பருவத்தில் எட்டு ஆட்டமாவது ஆடியிருக்க வேண்டும். ஆகவே ப்ரானுக்கு இருப்பது சனிக்கிழமை ஒன்றுதான்.

வியாழக்கிழமைப் பயிற்சி முடிந்து பெண்கள் போன பிறகு அவளைப் பிடித்தேன்.

"ப்ரான், சனிக்கெழம முதல் அஞ்சுல நீ இருக்க. ஆரம்பிச்ச ஒரு நிமிஷத்துல வெளிய எடுத்துடுவேன். கணக்கு முடிஞ்சுது."

ப்ரான் காலுறையை உருவிக்கொண்டிருந்தாள். நிமிர்ந்து என்னைப் பார்த்த பார்வையில் தீ இருந்தது.

"எனக்குப் பிச்ச போடுறியா?"

"ஏய், என்னடி பேசுற..."

"பெர்த்துல உனக்கு நடந்தத நீதானே எங்கிட்ட சொன்ன? எங்க வீட்டுப் பாத்ரூம்ல உக்காந்து ஒப்பாரி வெச்சது யாரு, நானா?"

பெர்த்தில் என் கடைசி ஆட்டம். முப்பது புள்ளி பின்னால் இருந்தோம். கோச் என் தோளைத் தட்டி, "போயி எல்லாருக்கும் டாட்டா காட்டிட்டு வா" என்றார். ஒரு நிமிஷம் பதினாலு விநாடி. எதிரணிப் பெண் என்னை மறிக்கவே இல்லை. எறிந்துகொள் என்று ஒதுங்கி நின்றாள். எறிந்தேன். பந்து வளையத்தில் பட்டுத் தெறித்தது. அதற்கும் எழுந்து நின்று கைதட்டினார்கள். கேக் வெட்டுகிற குழந்தைக்குத் தட்டுகிற மாதிரி. பதினேழு வருஷ உழைப்புக்கு அதுதான் பிரியாவிடை. ப்ரானைத் தவிர யாரிடமும் அதைச் சொன்னதில்லை.

"இதோ பாரு மெரின்," ப்ரான் குரலைத் தணித்தாள். "எனக்கு அந்தச் செவுரு வேணும். பொய் சொல்ல மாட்டேன், ரொம்ப வேணும். இருவது வருஷம் ஷிப்டு முடிச்சு தூசியோட வந்து ஆடியிருக்கேன். நாளைக்கு நான் இந்த ஊர்ல இல்லன்னாலும் என் சட்ட இருக்கணும். ஆனா பிச்சையா வேணாம். ஆட்டத்துல எங்கயாவது ஒரு எடத்துல உனக்கு நான் தேவப்படுவேன். அப்பக் கூப்புடு. அஞ்சு விநாடின்னாலும் போதும்."

"தேவப்படலன்னா?"

"தேவப்படும்டி. அந்த ராக்லி ஒட்டகச்சிவிங்கி வருதில்ல? அவள என்ன விட்டா யாரு புடிப்பா?"

சனிக்கிழமை எங்களுக்கு எதிரணி ராக்லி. அந்த அணியின் டாம்சின் ஆறடி நாலங்குலம். பத்து வருஷமாக அவளோடு இடுப்புக்கு இடுப்பு முட்டியவள் ப்ரான் ஒருத்திதான். டாம்சின் எப்போதும் இடது தோள் பக்கம்தான் திரும்புவாள்; திரும்புவதற்கு முன்னால் வலது பாதத்தை ஒரு தடவை தேய்ப்பாள். இது ப்ரான் கண்டுபிடித்தது.

"சரி," என்றேன். "தேவப்படும்போது கூப்புடுறேன்."

"கோச்சா சொல்றியா, சிநேகிதியா சொல்றியா?"

"ரெண்டுமா."

"ரெண்டுமா இருக்க முடியாதுடி," என்று சிரித்துக்கொண்டே பையைத் தூக்கிக்கொண்டு போனாள்.

சனிக்கிழமை மாலை ஐந்து மணிக்கு ஆட்டம். ஊரே வந்திருந்தது. சுரங்கத்து ஆரஞ்சுச் சட்டையோடு ஷிப்டிலிருந்து நேரே வந்தவர்கள் கடைசிப் படிகளில் நின்றார்கள். ப்ரான் அன்று ஷூவுக்குப் புது லேஸ் போட்டிருந்தாள். பெஞ்சில் கடைசி நாற்காலி. முழங்காலில் பட்டை. அவளுடைய எண் ஏழு.

ஆட்டத்தைப் பற்றி விலாவாரியாகச் சொல்லப்போவதில்லை. ஆட்டத்தை வாயால் சொல்கிறவர்களைக் கண்டாலே எனக்கு எரிச்சல். மூன்றாம் கால் பகுதியில் டாம்சின் எங்களைப் பந்தாடினாள். கெஷியா, எங்கள் அமெரிக்கப் பெண், அவளைப் பிடிக்க முடியாமல் திணறினாள். நான் ப்ரானைத் திரும்பிப் பார்த்தேன். அவள் பார்த்ததையும் பார்த்தேன். அந்த நேரம் பார்த்து ஜாரா, எங்கள் பத்தொன்பது வயதுக் குட்டிப் பிசாசு, வரிசையாக இரண்டு தடவை தூரத்திலிருந்து எறிந்து மும்மூன்று புள்ளி எடுத்தாள். சரி, ஓடுகிற வண்டியில் கை வைக்கக்கூடாது என்று விட்டுவிட்டேன். நாலாம் பகுதியிலும் அப்படியே ஒரு தடவை நினைத்தேன், அப்படியே விட்டேன். இன்னும் நேரம் இருக்கிறது, இன்னும் நேரம் இருக்கிறது. கோச் கேட்டு ஆட்டத்தை நிறுத்துகிற இரண்டு டைம் அவுட்டையும் அதற்குள் தின்று தீர்த்திருந்தேன்.

ஐம்பத்தொரு விநாடி பாக்கி. நாங்கள் ஒரு புள்ளி முன்னால். பந்து கெஷியாவின் கையில் பட்டு வெளியே போனது. விசில். ராக்லி பந்து. டாம்சின் வளையத்துக்குக் கீழே போய் நின்று கையைத் தூக்கினாள். அரங்கத்தில் இருந்த ஒவ்வொருவருக்கும் தெரியும் பந்து எங்கே போகப்போகிறது என்று.

தேவை வந்துவிட்டது. இதுதான் அந்த இடம். எனக்கு அது சந்தேகமே இல்லாமல் தெரிந்தது. உடம்பெல்லாம் சூடு ஏறியது. அந்த வலது பாதம் தேய்வது தெரிந்தது. எங்கே நிற்க வேண்டும், எந்த முழங்கையை எங்கே வைக்க வேண்டும், எல்லாம் தெரிந்தது. கால் தானாக எழுந்தது. ஜாக்கெட்டின் ஜிப்பைக் கீழே இழுத்தேன். நாலு எட்டில் ஸ்கோர் மேஜைக்குப் போய், குனிந்து, நார்ம் முகத்துக்கு நேரே சொன்னேன்:

"பன்னெண்டு. கெஷியாவுக்குப் பதிலா பன்னெண்டு."

நார்ம் மூக்குக் கண்ணாடிக்கு மேலே என்னைப் பார்த்தார்.

"என்னம்மா சொல்ற?"

"பன்னெண்டு, நார்ம்! சீக்கிரம்!"

"பன்னெண்டு அங்க தொங்குதும்மா," மேற்குச் சுவரைக் காட்டினார். "எறக்கித் தரவா?"

பக்கத்தில் கடிகாரம் பார்க்கிற பெண் களுக்கென்று சிரித்துவிட்டாள். நான் குனிந்து பார்த்தேன். ஜாக்கெட்டுக்கு உள்ளே இருந்தது இஸ்திரி போட்ட வெள்ளைச் சட்டை. கழுத்தில் கோச் அட்டை.

அதற்குள் நடுவர் பந்தைக் கொடுத்துவிட்டார்.

எவ்வளவு நேரம் போயிருக்கும்? ஏழு விநாடி? எட்டு? திரும்பி "ப்ரான்!" என்று ஒரு சொல் சொல்லியிருந்தால் போதும். அவள் எழுந்து மேஜைக்கு வந்திருப்பாள், ஹாரன் அடித்திருக்கும், உள்ளே போயிருப்பாள், நார்ம் குறி போட்டிருப்பார். இப்போதுதான் கத்தினேன். ப்ரான் மேல்சட்டையைக் கழற்றிக்கொண்டே ஓடிவந்து மேஜைக்குப் பக்கத்தில் இருக்கிற மாற்று நாற்காலியில் உட்கார்ந்தாள். ஆட்டம் நிற்கும்போதுதான் ஆளை மாற்றலாம்; அடுத்த விசிலுக்குக் காத்திருக்க வேண்டியதுதான். அவள் முகம் பளிச்சென்று இருந்தது. மேஜையில் என்ன நடந்தது என்று அவளுக்குத் தெரியாது. பெஞ்சின் அந்தக் கோடியில் இருந்தாள். எட்டு வரிசை கூச்சல்.

விசில் வரவேயில்லை. டாம்சின் இடது தோள் பக்கம் திரும்பினாள், எறிந்தாள், எங்கள் பூர்வ புண்ணியம், வளையத்தைச் சுற்றிக்கொண்டு வெளியே விழுந்தது. கெஷியா பிடித்தாள். முப்பத்து மூன்று விநாடி. ஜாரா பந்தைத் தட்டிக்கொண்டே நின்றாள், நேரத்தைக் கரைத்தாள். என்னுடைய பெண்கள் நான் சொன்னதைச் சரியாகச் செய்கிறார்கள், எனக்கோ விசில் வேண்டும். யாராவது பந்தை வெளியே தட்டுங்களேன். யாராவது தடுக்கி விழுங்களேன். பதினோரு விநாடியில் ஜாரா உள்ளே புகுந்து போட்டாள். மூன்று புள்ளி முன்னால். கூரை இடிந்து விழுகிற மாதிரி சத்தம்.

ப்ரான் நாற்காலியிலிருந்து எழுந்தாள். நார்ம் தலையை ஆட்டினார். கூடை போட்ட அணி தானாக ஆளை மாற்ற முடியாது. கூடை வாங்கிய அணி முதலில் ஆளை மாற்றினால்தான் எங்களுக்கும் உண்டு. ராக்லி கோச்சைப் பார்த்தேன். கேளேன், ஒருத்தியை மாற்றேன் என்று எதிரணிக் கோச்சுக்காக நான் வேண்டிக்கொண்டது வாழ்க்கையில் அன்றைக்கு மட்டும்தான். அவர் "ஓடு, ஓடு" என்று கையை வீசினார். ப்ரான் மறுபடி உட்கார்ந்தாள்.

ஏழு விநாடி. அவர்கள் பெண் பந்தோடு நடுக்கோட்டைத் தாண்டினாள்.

இங்கே ஒரு வழி இருந்தது. மூன்று புள்ளி முன்னால் இருக்கும்போது வேண்டுமென்றே ஃபவுல் செய்யச் சொல்லலாம். அப்போது அவர்களுக்கு இரண்டு எறிதான் கிடைக்கும், மூன்று புள்ளி எடுத்துச் சமன் செய்ய முடியாது. பாதி கோச்சுகள் அப்படித்தான் சொல்வார்கள், மீதிப் பாதி சொல்ல மாட்டார்கள். ஃபவுல் என்றால் விசில். விசில் என்றால் ப்ரான் உள்ளே. ஆனால் எறிகிற நேரத்தில் கை பட்டுத் தொலைத்தால் மூன்று எறி, ஆட்டம் போச்சு, பதினோரு வருஷம் போச்சு. ப்ரான் என்னைப் பார்த்தாள். அவளுக்கும் தெரியும். கெஞ்சவில்லை, சும்மா பார்த்தாள்.

நான் கத்தினேன்: "கைய வெக்காதீங்க! யாரும் தொடாதீங்க!"

எறிந்தார்கள். கூடையில் விழவில்லை. ஹாரன்.

என்னைத் தூக்கினார்கள். யாரோ தலையில் தண்ணீரைக் கொட்டினார்கள். சுரங்கத்து ஆட்கள் படிகளைத் தாண்டிக் குதித்து வந்தார்கள். பேர் தெரியாத கிழவி ஒருத்தி என் கன்னத்தில் முத்தம் வைத்தாள். அத்தனை தலைகளுக்கு நடுவே ஒரு சந்து வழியாகப் பார்த்தேன். மாற்று நாற்காலியில் ப்ரான் உட்கார்ந்திருந்தாள். மேல்சட்டையை நான்காக மடித்து மடியில் வைத்திருந்தாள். நார்ம் பேனாவைத் திறந்து அவள் பெயருக்கு நேரே வைத்துக்கொண்டு அவளையே பார்த்துக்கொண்டிருந்தார். முப்பது வருஷத்தில் அந்த மனுஷன் யாருக்கும் அப்படிச் செய்ததில்லை.

"பேனாவ மூடு, நார்ம்," என்றாள் ப்ரான். எழுந்து, நொண்டிக்கொண்டே போய், ஜாராவைக் கட்டிப்பிடித்துத் தூக்கிச் சுற்றினாள்.

அன்று கொண்டாட்டத்துக்கு நான் போகவில்லை. கோச் இருந்தால் பெண்கள் ஒழுங்காகக் குடிக்க மாட்டார்கள்.

ஞாயிறு காலை ப்ரான் வீட்டுக்குப் போனேன். ட்ரெய்லரில் பாதி ஏற்றியிருந்தார்கள். கார்த் என்னைப் பார்த்ததும் "கட்டில் கால எங்க வெச்சேன்" என்று தனக்குத்தானே கேட்டுக்கொண்டு உள்ளே போய்விட்டான். நல்ல மனுஷன். ப்ரான் தட்டுகளைச் செய்தித்தாளில் சுற்றி அட்டைப் பெட்டியில் அடுக்கிக்கொண்டிருந்தாள். நானும் தரையில் உட்கார்ந்து ஒரு தட்டை எடுத்தேன்.

"ப்ரான், ஃபவுல் பண்ணச் சொல்லியிருக்கலாம்."

"சொல்லியிருந்தா உன் பல்லப் பேத்திருப்பேன்."

"நெசமாவா?"

"பின்ன? என் ஒரு குறிக்காக அந்தப் புள்ளைங்க ஆட்டத்தப் பணயம் வெப்பியா? நானா இருந்தாலும் அதத்தான் கத்தியிருப்பேன். அந்த நிமிஷம் நீ நல்ல கோச்சு. நான் ராத்திரி கார்த்துகிட்டயே சொன்னேன், மெரின் சரியாத்தான் பண்ணினான்னு." தட்டு ஒன்றை வெளிச்சத்தில் பிடித்து விரிசல் பார்த்தாள். "விசில் வரல. அவ்வளவுதான். வந்திருந்தா நான் உள்ள போயிருப்பேன். யார் மேல குத்தம்? யார் மேலயும் இல்ல."

நெஞ்சிலிருந்து பாறாங்கல்லைத் தூக்கி இறக்கின மாதிரி இருந்தது. ராத்திரி முழுக்கத் தூங்கவில்லை நான். அந்த நிம்மதியில் எனக்குத் தலை கிறுகிறுத்தது. அங்கேயே வாயை மூடிக்கொண்டு தட்டைச் சுற்றியிருக்கலாம். என் வாய் இருக்கிறதே, அதை வைத்துக்கொண்டு நான் சும்மா இருந்ததே கிடையாது. அவளைச் சிரிக்க வைக்க வேண்டும் என்று தோன்றியது. கூடவே, அதைச் சொல்லாமல் இருந்தால் திருட்டுத்தனம் என்றும் தோன்றியது. இரண்டில் எது பெரிது என்று இன்றைக்கும் எனக்குத் தெரியாது.

"ஒரு கூத்து கேளேன். அந்த அம்பத்தொரு விநாடியில பந்து வெளிய போச்சே, அப்ப நான் என்ன பண்ணேன் தெரியுமா? ஜிப்பக் கழட்டிட்டு நேரா நார்ம்கிட்ட போயி 'பன்னெண்டு'ன்னு சொல்றேன்! என் நம்பர! கெழவன் கேக்குறான், 'செவுத்துலேர்ந்து எறக்கித் தரவாம்மா'ன்னு..."

நான் சிரித்தேன். கொஞ்ச நேரம் நான் மட்டும் சிரித்துக்கொண்டிருந்தேன்.

ப்ரானுடைய கை தட்டின் மேல் அப்படியே நின்றிருந்தது.

"அப்ப விசில் அடிச்சிருந்துது," என்றாள்.

"ம்."

"ஆள மாத்த நேரம் இருந்துது."

"ஏழு, எட்டு விநாடி..."

"டாம்சின் கீழ நிக்கிறா. பந்து அவங்களுது." அவள் என்னைப் பார்க்கவில்லை, தட்டைப் பார்த்துப் பேசினாள். "அதான் அந்த எடம். இல்ல?"

"ப்ரான், அது பழக்கம்டி. பதினேழு வருஷப் பழக்கம். ஒடம்பு தானா..."

"தேவப்படும்போது கூப்புடுன்னு சொன்னேன்."

"ஆமா."

"தேவப்பட்டுச்சு. நீ உன்னையே கூப்புட்டுக்கிட்ட."

அவள் கத்தவில்லை. கத்தியிருந்தால் நானும் பதிலுக்குக் கத்தியிருப்பேன். சின்ன வயதிலிருந்து அப்படித்தான் எங்கள் சண்டை முடியும். அவள் தட்டை நிதானமாகச் செய்தித்தாளில் சுற்றி, பெட்டியில் வைத்து, மூடி, டேப் ஒட்டினாள்.

"ஃபவுல் கணக்குல என்ன விட்ட பாரு, அது கோச்சு வேல. அதுக்கு எனக்கு ஒரு வருத்தமும் இல்ல," என்றாள். "ஆனா ஆள் வேணும்னு தோணின அந்த மொத நொடியில உன் மனசுல நான் இல்லவே இல்லையே மெரின். நான் அங்கதான் உக்காந்திருந்தேன். புது லேஸ் போட்டுக்கிட்டு."

மன்னித்துவிடு என்றேன். மூன்று தடவை சொன்னேன். "சரி விடு," என்றாள் மூன்று தடவையும். கார்த் கட்டில் காலோடு வெளியே வந்தான். ட்ரெய்லரில் மெத்தையை ஏற்ற ஒரு பக்கம் பிடித்தேன். கிளம்பும்போது ப்ரான் என்னைக் கட்டிக்கொண்டாள். கட்டிக்கொண்டாள் என்றுதான் சொல்ல வேண்டும், முதுகில் இரண்டு தட்டுத் தட்டினாள், ஆட்டம் முடிந்ததும் எதிரணிக்காரிக்குத் தட்டுகிற மாதிரி. திங்கட்கிழமை விடியற்காலம் போய்விட்டார்கள்.

அந்த வாரம் முழுக்கப் பயிற்சியில் பெண்கள் பறந்தார்கள். எனக்கு ஜாக்கெட்டின் ஜிப்பைத் தொடவே கூச்சமாக இருந்தது. அணியின் நிர்வாகக் குழுவிடம் போய், ப்ரானுடைய ஏழாம் எண் ஜெர்சியை மாட்டுங்கள், வேண்டுமானால் என் பன்னிரண்டை இறக்கிவிடுங்கள் என்றேன். வழக்கத்தை உடைக்க முடியாது என்றார்கள். நார்ம்கூட முடியாது என்றுதான் தலையாட்டினார். அவளைக் கேட்டால் அவளும் முடியாது என்றுதான் சொல்லியிருப்பாள். அவளைக் கேட்கலாம் என்று இரண்டு செய்தி அனுப்பினேன். முதலாவதற்குக் கட்டைவிரல் படம் ஒன்று வந்தது. இரண்டாவதற்கு ஒன்றும் வரவில்லை. வழியில் சிக்னல் இருந்திருக்காது என்று சொல்லிக்கொண்டேன்.

வெள்ளிக்கிழமை இறுதிச் சுற்றுக்காகப் பெர்த்துக்குக் கிளம்பினோம். பின்னால் ஒரே பாட்டும் கும்மாளமும். கடைசி வரிசையின் நடு இருக்கையில் ஜாரா காலை நீட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். எனக்குப் பின்னால் ஏதோ சொல்லி எல்லோரும் வெடித்துச் சிரித்தார்கள். என்னைப் பற்றியாக இருக்கலாம், இல்லாமலும் இருக்கலாம். ஸ்கோர் மேஜையில் கடிகாரம் பார்த்த அந்தப் பெண்ணுக்குச் சிரிப்பை அடக்கத் தெரியாது; கதை ஊர் முழுக்கப் பரவியிருக்கும்.

ரோட்ஹவுஸில் பேருந்து நின்றது. பெண்கள் திமுதிமுவென்று இறங்கிக் கழிப்பறைக்கு ஓடினார்கள். நானும் இறங்கினேன். இரண்டு வருஷத்தில் அந்தக் கடைக்குள் நான் போனதே இல்லை. எப்போதும் ப்ரான்தான் போவாள். கண்ணாடிப் பெட்டிக்குப் பின்னால் நின்ற பொம்பளை என் ஈமு ஜாக்கெட்டைப் பார்த்ததும் கேட்காமலேயே இடுக்கியை எடுத்தாள்.

"ரெண்டு ரோல், ரெண்டு ஐஸ் காப்பி, அப்படித்தான? எங்க இன்னிக்கு அந்த நொண்டிக்கால் அம்மா? எப்பவும் வந்து, 'ஒண்ணுல சாஸ் அதிகமா ஊத்து, முன்னால ஒருத்தி தனியா உக்காந்திருக்கா'ம்பாங்களே?"

"அவங்க இல்ல," என்றேன். "ரெண்டே குடுங்க."

வண்டிக்குத் திரும்பினேன். மருந்துப் பெட்டியைத் தூக்கிக் கீழே வைத்தேன். காலி இருக்கையில் ஒரு ரோலையும் ஒரு காப்பியையும் வைத்துவிட்டு, என்னுடையதைப் பிரித்தேன். சாஸ் ஒழுகி வெள்ளைச் சட்டையில் விழுந்தது. பெண்கள் ஏறினார்கள், இருக்கையைப் பார்த்தார்கள், என்னைப் பார்த்தார்கள், ஒருத்தியும் ஒன்றும் கேட்கவில்லை, வரிசையாகப் பின்னால் போனார்கள். ஓட்டுநர் கண்ணாடியில் பார்த்து, "எல்லாரும் வந்தாச்சா கோச்?" என்றார்.

ஒன்பது பேரையும் எண்ணினேன். "வந்தாச்சு," என்றேன். பெர்த்துக்கு இன்னும் மூன்று மணி நேரம் இருந்தது.